பட்டம்மாளின் பாக்கிச் சிரிப்பு

கேமராவுக்கு முன்னால் ஒருவரைச் சாகடிப்பது சுலபம். செத்தவரை எழுப்பிவிடுவதற்குத்தான் ஒரு முறை இருக்கிறது. அந்த முறையைக் கொஞ்சம் பொறுமையாகத் தெரிந்துகொண்டால் பட்டம்மாளுக்கு நடந்தது முழுவதும் விளங்கிவிடும்.

முதலில் பிணம் தயாராவதைப் பார்க்கலாம். மூக்கில் வைக்கும் பஞ்சை உருட்டி அடைக்க மாட்டார்கள். பிய்த்து, ஊதி, ஒட்டடை போல மெலிதாக்கி வைப்பார்கள். காற்று தாராளமாகப் போய்வரும். தாடைக்கட்டின் முடிச்சைக் கொண்டைக்குள் செருகிவிடுவார்கள். நாள் முழுக்கக் கிடந்தாலும் உறுத்தாது. மூச்சு விடுவதில் வயிறு ஏறி இறங்கினால் தெரிந்துவிடுமே என்றுதான் மாலைகளை வயிற்றின்மேல் குவிப்பது. அன்பினால் அல்ல.

"கட்" என்ற பிறகுதான் முக்கியமான காரியம். கேமராவை யாரும் நகர்த்தக்கூடாது. பிணமாகக் கிடந்தவர் எழுந்து, பஞ்சை எடுத்துப் போட்டுவிட்டு, அதே கேமராவைப் பார்த்து ஒரு தடவை சிரிக்க வேண்டும். அந்தச் சிரிப்பையும் படம் பிடிப்பார்கள். அது எந்தத் திரையிலும் வராது. அந்தக் காலத்தில் அந்தத் துண்டு ஃபிலிமை வெட்டிக் குப்பைக்கூடையில் போட்டுவிடுவார்கள். 'சும்மாதான் படுத்திருந்தேன், நீ எதையும் மனசில் வைத்துக்கொள்ளாதே' என்று கேமராவுக்குச் சொல்வதற்காக மட்டுமே அந்தச் சிரிப்பு. அப்புறம் கற்பூரம். அப்புறம் டீ.

வியாசர்பாடி எம்.கே.பி. நகர்க் குடியிருப்பில் இருந்து கிளம்பி, பட்டம்மாள் இப்படிப் பல தடவை செத்திருக்கிறாள். வெள்ளத்தில், காலராவில், வில்லனின் லாரியில். ஒவ்வொரு தடவையும் சிரித்துவிட்டுத்தான் டீ குடித்தாள்.

சாகாத நாட்களில் அவளுடைய வேலை, கெட்ட சேதி கேட்பது. இது எப்படி வேலை செய்கிறது என்று சொல்ல வேண்டும். கதாநாயகனுக்கு விபத்து என்று ஒருவர் ஓடிவந்து சொல்கிறார். கேமரா அம்மாவின் முகத்துக்குப் போகும். ஆனால் நேரே போகாது. போகிற வழியில், கண் இமைக்கிற நேரம், பக்கத்தில் தட்டோடு நிற்கும் ஒரு பெண்ணின் முகத்தில் இறங்கி ஏறும். சேதி எவ்வளவு பெரியது என்பதை ஜனங்கள் அந்த முகத்தில்தான் அளந்துகொள்வார்கள். அந்தப் பெண் வாயைப் பாதி திறந்தால் எலும்பு முறிவு. முழுக்கத் திறந்தால் தகனம். தமிழ்நாட்டில் பாதிக் குடும்பங்களின் துக்கத்தை அந்தத் தட்டுக்காரி பட்டம்மாளின் முகம் அளந்து கொடுத்திருக்கிறது. பேர் யாருக்கும் தெரியாது. "எங்கியோ பாத்தா மாதிரி கீதே" என்பார்கள், அவ்வளவுதான். கதைக்குள் அவளைச் சிரிக்கச் சொன்னவர் இதுவரை யாரும் இல்லை.

கடைசியாக அவள் தட்டேந்தி நின்றது சுடர்க்கொடி தொலைக்காட்சியின் 'எட்டு வீட்டுச் சம்பந்தம்' தொடரில். திருவொற்றியூர் தாண்டி எண்ணூர் போகும் சாலையில், பழைய இரும்புக் கிடங்கு ஒன்றை வாங்கி உள்ளே எட்டு வீடுகளின் கூடங்களைக் கட்டியிருந்தார்கள். வெளியே கன்டெய்னர் லாரிகள், உள்ளே மல்லிகைப்பூ. பக்கத்துத் தொழிற்சாலைச் சங்கு ஊதினால் எட்டு மாமியார்களும் வசனத்தை நிறுத்திவிட்டு, ஊதி முடிந்ததும் விட்ட இடத்திலிருந்து கோபப்படுவார்கள். அதில் பட்டம்மாளுக்குச் சின்னத்தை வேடம். ஒரு நாள் சின்னத்தை காபித் தட்டோடு மாடிப்படியில் உருண்டு செத்துப்போனாள்.

"கட்" என்றார்கள். பட்டம்மாள் எழுந்தாள். பஞ்சை எடுத்தாள். கேமராவைத் தேடினாள். அதன் கண்ணுக்கு மூடி போட்டிருந்தது.

"இன்னா தம்பி, மூடிட்டீங்க? நான் இன்னும் சிரிக்கவே இல்லியே."

இயக்குநர் அஜின் நாகர்கோவில் பையன். மரியாதை தெரிந்தவன். தலையைச் சொறிந்தான்.

"அந்தச் சிரிப்பு இனிமே கிடையாதும்மா. தொடர்ச்சித் துறை தடை போட்டிருக்கு."

தொடர்ச்சி என்பது பழைய சமாச்சாரம். கதாநாயகி நேற்று எந்தக் கையில் டம்ளரைப் பிடித்திருந்தாளோ, இன்றும் அதே கையில் பிடிக்க வேண்டும். முன்பு இதை ஒரு உதவி இயக்குநர் ஞாபகம் வைத்துக்கொள்வார். இப்போது அதற்கு ஒரு துறை, துறைக்கு ஒரு மாடி, மாடிக்கு ஒரு இயந்திரம். அதன் பெயர் காவலன். எடுக்கிற காட்சி எல்லாம் அதன் வயிற்றுக்குள் போகும். யார் எந்தக் கையில் டம்ளர் பிடித்தார், யார் உயிரோடு இருக்கிறார், யார் செத்தார் என்பதெல்லாம் இனி அது சொல்வதுதான்.

"வக்கீல் மாமாவா நடிச்சாரே ஆசீர்வாதம் சார், அவர் செத்த சீன் முடிஞ்சதும் தும்மிட்டாரும்மா. காவலன் அதைப் பாத்துட்டு, ஆள் உயிரோட இருக்கார்னு எடுத்துக்கிச்சு. அப்புறம் கல்யாண சீன்ல அவருக்கு நாற்காலி எங்கேன்னு கேட்டு ஷூட்டிங்கையே நிறுத்திடுச்சு. கடைசில காலி நாற்காலிக்குச் சந்தனம் கொடுத்துத்தான் கல்யாணத்தை எடுத்தோம். அப்புறம்தான் அவரைச் செத்தவர்னு திருத்தினாங்க."

"அய்ய, பாவம். அவரு இப்ப எங்க கீறாரு?"

"ஊருக்குப் போயிட்டார்னு சொன்னாங்க," என்றான் அஜின். சொல்லிவிட்டு அவன் கேமராவைப் பார்த்தான். கேமரா கேட்டுக்கொண்டிருக்கிறதோ என்பது போல.

பட்டம்மாள் சிரிக்காமலே வீட்டுக்குக் கிளம்பினாள். டோல்கேட்டில் இறங்கி டீ வாங்கினாள். டீயில் பஞ்சு வாசனை அடித்தது.

சின்னத்தை செத்தது ஒளிபரப்பானதும், எதிர்வீட்டு ஷரீஃபுன்னிசா அழுதுகொண்டே ஓடிவந்து, கதவைத் திறந்த பட்டம்மாளைக் கட்டிப்பிடித்து, பிறகு முதுகில் ஒரு அறை விட்டாள்.

"யா அல்லா! ஏன்க்கா அப்டி உருண்ட? எனக்கு நெஞ்சே நின்னுபூட்ச்சு!"

ஹார்பரில் சரக்கு தூக்கும் வின்ச் ஓட்டி ஓய்வுபெற்ற கணவர் லோகநாதன் தரையில் உட்கார்ந்து செய்தித்தாள் படித்துக்கொண்டிருந்தார். "பொணம் வந்து கத்திரிக்கா நறுக்கிகினு கீது, நீ வேற," என்றார். "கொழம்பு மட்டும் உயிரோட கீதான்னு பாரும்மே."

பட்டம்மாள் சிரித்தாள். அவளுடைய சிரிப்பு தகரக் கூரையில் புளியங்கொட்டையைக் கொட்டினாற்போல இருக்கும். முன்பல் ஒன்று இல்லாத சந்தில் காற்று விசிலடிக்கும். மூன்றாவது மாடிக்குக் கேட்கும்.

இரண்டு நாள் கழித்து, காலையில் குடியிருப்பின் கீழே ஒரு வெள்ளை வேன் வந்து நின்றது. அதிலிருந்து தொடர்ச்சித் துறைத் தலைவர் அருள்பிரகாசம் இறங்கினார். கூடவே இரண்டு பேர் ஒரு பெரிய படத்தைத் தூக்கிவந்தார்கள். சின்னத்தையின் படம். பிளாஸ்டிக் சந்தன மாலை போட்டிருந்தது. சட்டத்தின் அடியில் ஒரு சின்னச் சிவப்பு விளக்கு.

"இது நிறுவனத்தின் அஞ்சலி," என்று அவர் சொல்லிக்கொண்டிருக்கும்போதே ஆட்கள் சுவரில் ஆணி அடித்துவிட்டார்கள். "அம்மா, ஒரு கதாபாத்திரத்தின் மறைவு என்பது அந்த நடிகையின் சொந்த விஷயம் அல்ல. அது நேயர்களின் சொத்து. நேற்று யானைக்கவுனியில் ஒரு நேயர், நீங்கள் வெங்காயம் வாங்குவதைப் பார்த்திருக்கிறார். முதல் நாள் உங்களுக்காக அழுதவர். வெங்காயத்தைப் பேரம் பேசினீர்களாம். அவர் மனம் உடைந்து எங்களுக்குப் போன் செய்தார். தான் அழுத அழுகைக்கு என்ன மதிப்பு என்று கேட்டார். நாங்கள் என்ன பதில் சொல்வது?"

"கொழம்புக்கு வெங்காயம் வேணுமே சார்," என்றாள் பட்டம்மாள்.

"எங்களிடம் கேட்டிருக்கலாமே! உங்களைப் போன்றவர்களைப் பார்த்துக்கொள்ளத்தானே துறையே இருக்கிறது?"

"எங்கள மாதிரின்னா?" என்றார் லோகநாதன்.

"மறைந்தவர்கள்," என்றார் அருள்பிரகாசம் அன்பாக.

அன்றிலிருந்து காய்கறி வேனில் வந்தது. நல்ல காய்கறிதான். பட்டம்மாள் படியிறங்கினால் வேனின் கதவு திறக்கும். யாரும் இறங்க மாட்டார்கள். அவள் திரும்பி மேலே ஏறினால் கதவு மூடிக்கொள்ளும். லோகநாதன் அந்தப் படத்தைக் கழற்றிப் பார்த்தார், வரவில்லை. துண்டைப் போட்டு மூடினார். துண்டுக்குள்ளிருந்தும் சிவப்பு தெரிந்தது.

இந்த நேரத்தில்தான் மதி வந்தாள். புளியந்தோப்புப் பெண். முதல் படம் எடுக்கிறாள். காசிமேட்டில் மீன் ஏலம் விடும் ஒரு பெண்ணின் கதை. அந்த ஏலக்காரி படம் முழுக்க எல்லாரிடமும் தோற்று, கடைசிக் காட்சியில் கடலைப் பார்த்துச் சிரிக்கிறாள். அந்தச் சிரிப்போடு படம் முடிகிறது.

"அக்கா, நீங்கதான் அந்த ஏலக்காரி," என்றாள் மதி. "படத்துல மொதல்ல உங்க பேருதான் வரும். தனியா. பக்கத்துல வேற பேரே கெடையாது."

பட்டம்மாள் தட்டு எதுவும் ஏந்தாமலே வாயை முழுக்கத் திறந்தாள். சேதி அவ்வளவு பெரியது.

"ஆனா ஒரு பேஜாருக்கா. எல்லாக் கம்பெனி கேமராவையும் இப்ப காவலனோட கோத்து வெச்சிக்கீறாங்க. உங்க பேர அடிச்சா செவப்பு வெளக்கு எரியுது. 'காலமானவர், சிரிப்பு பாக்கி'னு காட்டுது. செவப்பு எரிஞ்சா கேமராவே ஓடாது. நீங்க அந்த ஆபீஸுக்கே போயி உங்க பாக்கிச் சிரிப்ப சிரிச்சுட்டு, பச்சை வாங்கிகினு வாங்க. நான் வேற யாரையும் போட மாட்டேன்."

பட்டம்மாள் வெள்ளை வேனில் ஏறியே எண்ணூருக்குப் போனாள். எங்கே என்று டிரைவர் கேட்கவில்லை.

துறையின் வாசலில் இரண்டு வரிசைகள். ஒன்று 'நடிப்பவர்கள்', மற்றது 'மற்றவர்கள்'. காவலாளி அவள் முகத்தைக் கருவியில் காட்டிவிட்டு, இரண்டாவது வரிசைக்குக் கை காட்டினான். அங்கே போட்டிருந்த நாற்காலிகள் புத்தம் புதியவை. உட்கார்ந்த தடம் ஒன்றுகூட இல்லை. ஜன்னலுக்கு வெளியே அனல்மின் நிலையப் புகைபோக்கி தெரிந்தது. மேசை மேல் படிந்த சாம்பலில் யாரோ விரலால் ஒரு முகம் வரைந்திருந்தார்கள். அதற்கு வாய் இல்லை.

அருள்பிரகாசம் அவளை எழுந்து நின்று வரவேற்றார்.

"எங்களைப் பற்றித் தவறான கருத்து பரவுகிறது, அம்மா. நாங்கள் கலைஞர்களை ஒழிப்பதாகச் சொல்கிறார்கள். யோசித்துப் பாருங்கள். கலைஞருக்கு முதுகு வலிக்கும். தும்மல் வரும். சாப்பாட்டுக்கு முட்டை கேட்பார். இந்தத் துன்பங்களிலிருந்தெல்லாம் அவர் கலையை நாங்கள் விடுவிக்கிறோம். கலைஞரை மட்டும்தான் கழிக்கிறோம். கலையில் ஒரு துளிகூடக் குறைவதில்லை. வாருங்கள், காட்டுகிறேன்."

நீளமான கூடம். சுவர் முழுக்க மாலை போட்ட படங்கள். தொடர்களில் செத்துப்போன மாமனார்கள், அத்தைகள், வேலைக்காரர்கள். அது வேலை செய்யும் விதத்தை அருள்பிரகாசம் ஆசையோடு விளக்கினார். ஒருவர் நடித்ததையெல்லாம் காவலன் உணர்ச்சி வாரியாகப் பிரித்து வைத்துக்கொள்கிறது. கனவுக் காட்சி, ஆவிக் காட்சி, பழைய நினைவு என்று எது வேண்டுமானாலும் பொத்தானை அழுத்தினால் போதும். அவர் ஒரு பொத்தானை அழுத்தினார்.

ஒரு படத்துக்குள் ஆசீர்வாதம் கண் திறந்தார். "தாயே, சொத்து முழுவதும் உன் பேரில்தான் இருக்கிறது," என்றார். பழைய குரல், பழைய கனிவு. பிறகு நிறுத்தி, எதிரே எதுவும் இல்லாத இடத்தைப் பார்த்து, மறுபடியும், "தாயே, சொத்து முழுவதும்..."

பட்டம்மாள் அருள்பிரகாசத்தின் பக்கம் திரும்பினாள். "சார், அவரு ஊருக்குப் போய்ட்டாருன்னாங்களே?"

"இங்கேதான் இருக்கிறார். தினமும் வேலைக்கு வருகிறார். ஒரு நாள்கூடத் தாமதம் இல்லை."

"இவர இல்ல சார். அவர."

அருள்பிரகாசத்துக்கு அந்தக் கேள்வி புரியவில்லை. உண்மையாகவே புரியவில்லை என்பது அவர் முகத்தில் தெரிந்தது. அதைப் பார்த்தபோதுதான் பட்டம்மாளுக்கு முதல் தடவையாகப் பயம் வந்தது.

"அவரும் உங்களைப் போலப் பச்சை கேட்டு வந்தார்," என்று அவர் தொடர்ந்தார். "அவர் கணக்கில் கோபம் மட்டும் பாக்கி இருந்தது. இந்த அறையில் உட்கார்ந்து கோபப்பட்டார். அருமையான கோபம். உடனே பச்சை கொடுத்துவிட்டோம். அதற்கப்புறம் அவரை யாரும் கூப்பிடவில்லை. கூப்பிட வேண்டிய அவசியமே வரவில்லை, பாருங்கள்!"

சொல்லிவிட்டு அவர் சிரித்தார். விசித்திரமான சிரிப்பு. உதடு பிரியாமல் மூக்கில் இரண்டு மூச்சு; கடைசியில் தொண்டைக்குள் 'டொக்' என்று ஒரு சத்தம், மேசை இழுப்பறையை மூடினாற்போல.

பக்கத்தில் நின்று பெரியவர்களின் முகத்தைப் பார்ப்பதே பட்டம்மாளின் பிழைப்பு. அவள் பார்த்துக்கொண்டாள்.

"உங்கள் கணக்குக்கு வருவோம்," என்றார் அவர். "அழுகை, நிறைவு. அதிர்ச்சி, தேவைக்கு மேல். பயம், நிறைவு. சிரிப்பு மட்டும் இல்லவே இல்லை. சின்னத்தையின் நினைவு நாளுக்கு, படத்துக்குள்ளிருந்து அவர் சிரித்து ஆசீர்வதிக்க வேண்டும் என்று நேயர்கள் விரும்புகிறார்கள். அந்த ஒன்றைக் கொடுத்துவிட்டால் நீங்கள் முழுமை அடைந்துவிடுவீர்கள். பச்சை விளக்கோடு வீட்டுக்குப் போகலாம்."

அவளை ஒரு கேமராவுக்கு முன்னால் உட்காரவைத்தார்கள். தடை செய்யப்பட்ட அதே சிரிப்பு. சிரித்தால் அதுவும் அவர்களுடையது. பிறகு காசிமேட்டுக் கடற்கரையில்கூட மதிக்குப் பட்டம்மாள் தேவைப்பட மாட்டாள், பொத்தான் போதும். சிரிக்காவிட்டால் வேன், வெங்காயம், சிவப்பு விளக்கு. கேமராவின் கருப்புக் கண் அவளையே பார்த்தது. சங்கு ஊதியது. ஊதி முடியும்வரை அவள் யோசித்தாள்.

பிறகு உதட்டைப் பிரிக்காமல், மூக்கில் இரண்டு மூச்சு விட்டு, தொண்டைக்குள் இழுப்பறையை மூடினாள்.

பச்சை விளக்கு எரிந்தது.

"ஆகா!" என்றார் அருள்பிரகாசம். தன் சிரிப்பை வெளியிலிருந்து கேட்டவர் யார் இருக்கிறார்கள்? "என்ன இயல்பு! எங்கேயோ கேட்டது போலவே இருக்கிறது. நேயர்கள் தங்கள் வீட்டுச் சிரிப்பு என்றே நினைப்பார்கள்."

பட்டம்மாள் வேனுக்குக் காத்திருக்காமல் ஷேர் ஆட்டோ பிடித்தாள். வீட்டுக்கு வந்து நடந்ததைச் சொன்னபோது லோகநாதன் தொடையைத் தட்டிக்கொண்டு உருண்டார். "அவன் சிரிப்பையே அவனுக்கு வித்துட்டியாமே! நீ ஹார்பர்ல பொறக்க வேண்டியவ!" புளியங்கொட்டைகள் கூரையெல்லாம் கொட்டின. சுவரில் துண்டுக்குள் விளக்கு பச்சையாக இருந்தது. கீழே வேன் இல்லை.

நினைவு நாள் ஒளிபரப்பானது. படத்துக்குள் சின்னத்தை மூக்கால் சிரித்து ஆசீர்வதித்தாள். ஊரே உருகியது. ஷரீஃபுன்னிசா மட்டும் முகத்தைச் சுளித்தாள். "நல்லாத்தான் கீது. ஆனா பாங்கு ஆபீசர் லோன் இல்லன்னு சொல்றா மாதிரி கீதுக்கா."

காசிமேட்டில் படப்பிடிப்பு நன்றாகப் போனது. பட்டம்மாள் ஏலம் விட்டாள், சண்டை போட்டாள், தோற்றாள். கேமரா அவள் முகத்தைத் தாண்டி யாரிடமும் போகவில்லை, அவளிடமே இருந்தது. அது பழக முதலில் கஷ்டமாக இருந்தது. கடைசி நாள், கடைசிக் காட்சி. விசைப்படகுகள் கரைக்குத் திரும்பிக்கொண்டிருந்தன. மதி "ஆக்‌ஷன்" என்றாள்.

பட்டம்மாள் கடலைப் பார்த்தாள். இத்தனை வருடத்து முகங்களுக்கெல்லாம் சேர்த்துச் சிரித்தாள். முன்பல் சந்தில் காற்று விசிலடித்தது. ஐஸ் உடைத்துக்கொண்டிருந்தவர்கள் திரும்பிப் பார்த்துத் தாங்களும் சிரித்தார்கள்.

கேமராவில் சிவப்பு விளக்கு எரிந்தது. அதன் கண் தானாக மூடிக்கொண்டது. திரையில் எழுத்து வந்தது: 'இவர் பட்டம்மாள் அல்ல. சிரிப்பு பொருந்தவில்லை. ஆள்மாறாட்டம்.'

மதி தொடர்ச்சித் துறைக்குப் போன் போட்டாள். அருள்பிரகாசம் மிகவும் வருந்தினார்.

"யாரோ அவரைப் போலவே வேடம் போட்டு உங்களை ஏமாற்றுகிறார்கள் போலிருக்கிறது. பட்டம்மாளின் சிரிப்பு எங்களிடம் பத்திரமாக இருக்கிறது. தமிழ்நாடே கேட்ட சிரிப்பு. நிஜமான பட்டம்மாளாக இருந்தால் அதைச் சிரிக்கச் சொல்லுங்கள். இல்லாவிட்டால் இதுவரை எடுத்ததையும் அழித்துவிடும்; காவலன் ஏமாற்றுக்காரர்களை மன்னிப்பதில்லை."

மதி போனை இறக்கினாள். அவள் கண்ணில் நீர் நின்றது. "அக்கா..."

"தெர்யும்மே," என்றாள் பட்டம்மாள். "அழாத. கேமராவ வை."

அவள் கடலைப் பார்த்தாள். உதடு பிரியவில்லை. மூக்கில் இரண்டு மூச்சு. தொண்டைக்குள் 'டொக்'.

பச்சை. ஐஸ் உடைத்தவர்கள் தலையைக் குனிந்துகொண்டு வேலையைப் பார்த்தார்கள். படம் முடிந்தது. சொன்னபடியே அவள் பெயர் முதலில், தனியாக வரும்.

மறுநாள் லோகநாதன் சோற்றில் குழம்பை ஊற்றிக்கொண்டே கேட்டார்: "ஏன்மே, பெரிய ஸ்டாரு நீ, இன்னிக்காவது கொழம்புல உப்பப் போட்டியா, இல்ல அதுக்கும் டூப்பு வெச்சிட்டியா?"

நல்ல கேலி. பட்டம்மாளுக்குச் சிரிப்பு வந்தது. வயிற்றிலிருந்து கிளம்பி, தொண்டைவரை ஏறி வந்தது. அங்கே அதை நிறுத்திப் பிடித்துக்கொண்டு, சுவரில் துண்டுக்குள் எரியும் விளக்கு என்ன நிறம் என்று அவள் திரும்பிப் பார்த்தாள்.